மறு: மாதிரி தரும் எண்ணும் வாசிப்பு நேரமும் ஒட்டவில்லை

வணக்கம். கோலாலம்பூர் மாணவர்களைத் தமிழ் வாக்கியங்கள் வாசிக்கவிட்டு, சொல்லுக்குச் சொல் நேரம் எடுத்திருக்கிறீர்கள். அடுத்து வரும் சொல்லைக் கணிக்கும் கணினி நிரலான மொழி மாதிரி, ஒவ்வொரு சொல்லும் எவ்வளவு எதிர்பாராதது என்று தந்த எண்ணோடு அது ஒட்டவே இல்லை, ஆய்வுத் தலைப்பையே மாற்றலாமா என்கிறீர்கள். அவசரப்படாதீர்கள்.

மொழி ஆய்வாளர்களான ஜான் ஹேல் 2001இலும் ரோஜர் லெவி 2008இலும் சொன்னது இதுதான்: முன்னே வந்த சொற்களை வைத்துப் பார்க்கையில் ஒரு சொல் எவ்வளவு எதிர்பாராததோ, அந்த அளவுக்கு அதைப் புரிந்துகொள்ள உழைப்பு. அந்த எதிர்பாராமையை அளக்கத்தான் மாதிரி.

மாதிரி தமிழ்ச் சொல்லை முழுதாக விழுங்காது. 'போயிருந்திருக்கலாம்' என்பதைப் பல துண்டாக வெட்டும். ஒவ்வொரு துண்டுக்கும் மாதிரி தரும் எதிர்பாராமை எண்ணைக் கூட்ட வேண்டும். சராசரி எடுத்தால் போச்சு. நானும் அதில்தான் ஒரு மாதம் கோட்டை விட்டேன். அப்புறம், வாசிப்பவரின் தடுமாற்றம் அந்தச் சொல்லின் நேரத்தில் தெரியாமல் அடுத்த சொல்லில் தெரிவதும் உண்டு.

எனக்குப் பெரிய சந்தேகம் உங்கள் வாக்கியங்கள் மேல்தான். 'பசியாறியாச்சா' எங்கள் பினாங்கு வீட்டில் தினம் கேட்பது. தமிழ்நாட்டு எழுத்தையே அதிகம் படித்த மாதிரிக்கு அது அபூர்வம். நம் வாசகருக்கோ தண்ணீர் பட்ட பாடு. 'தாப்பாவ்' (சாப்பாட்டைப் பொட்டலமாகக் கட்டி வாங்குவது) வந்தால் கேட்கவே வேண்டாம். அப்படிப்பட்ட சொற்களைப் பிரித்துவிட்டு மறுபடி ஓட்டிப் பாருங்கள்.

பெரிய மாதிரிக்கு மாறச் சொன்ன உங்கள் நண்பரைக் கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்கள். ஆங்கிலத்தில் பெரிய மாதிரிகள் அடுத்த சொல்லை நன்றாகக் கணித்தும், வாசிப்பு நேரத்தோடு குறைவாகவே பொருந்தின என்று 2023இல் ஓ, ஷூலர் என்ற ஆய்வாளர்கள் காட்டினார்கள். மனிதரைவிட அதிகம் படித்தது வினையாகிவிட்டது.

சரி, முதலில் கூட்டிப் பாருங்கள். புது எண்களை இங்கே போடுங்கள்.