ஊட்டிக்கு முதலில் வந்த கம்பி

அன்புள்ள ஐயா,

கடலடிக் கேபிள்கள் பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். ஒரு மனக்குறை. கல்கத்தா, பம்பாய், சென்னை என்றே போகிறீர்கள். எங்கள் நீலகிரி எங்கே? 1853ல் தந்திக்கம்பி இழுக்கத் தொடங்கியபோதே ஊட்டி அந்தத் திட்டத்தில் இருந்ததாகப் படித்திருக்கிறேன். அப்படியானால் உலகத்தோடு முதலில் இணைந்த ஊர்களில் எங்களுடையதும் ஒன்று அல்லவா?

ஆனால் ஒன்று இடிக்கிறது. தோட்டத் தமிழரை இந்தியாவுக்கு அனுப்ப 1964ல் போட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இலங்கையிலிருந்து வந்த குடும்பம் எங்களுடையது. தேயிலைத் தோட்ட லைன் வீட்டில், அதாவது தொழிலாளர்களின் வரிசைக் குடியிருப்பில் வளர்ந்தேன். அப்பாயி, ஹட்டனில் விட்டுவந்த தங்கச்சியின் குரலை 90களில் டெலிபோன் பூத் வந்த பிறகுதான் கேட்டார். இன்றும் எங்கள் லைனில் சிக்னல் இல்லை. சாட்டிலைட் இண்டர்நெட் வந்தால் மாறுமா?

க., கோத்தகிரி

*

அன்புள்ள க.,

ஊட்டி அந்தத் திட்டத்தில் இருந்தது உண்மை. அதில் நாம் பெருமைப்பட ஏதும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

கம்பெனி அரசின் தந்திப் பொறுப்பாளர் ஓ'ஷாக்னஸி 1853 நவம்பரில் தொடங்கிய சுமார் 4,000 மைல் கம்பி பெஷாவர், ஆக்ரா, பம்பாய், சென்னை, பெங்களூர் என்று ஓடியது. பட்டாளமும் கஜானாவும் துறைமுகமும் இருந்த ஊர்கள். ஜனத்தொகையை வைத்துப் பார்த்தால் அந்த வரிசையில் ஊட்டிக்கு வேலையே இல்லை. ஆனால் வெயில் தாங்காத அதிகாரிகள் அங்கேதான் போய் உட்கார்ந்தார்கள். 1855ல் கவர்னர் ஜெனரல் டல்ஹௌசியே உடம்பு சரியில்லாமல் மலையேறி, ஊட்டியிலும் உங்கள் கோத்தகிரியிலும் மாதக்கணக்கில் தங்கினார். பிறகு சென்னை அரசாங்கமே கோடைதோறும் மூட்டைகட்டிக்கொண்டு மேலே வந்தது. கம்பி மலைக்கு வரவில்லை, அவர்களுக்குப் பின்னால் வந்தது.

அந்த 1855ல் பொதுமக்களுக்குத் தந்தி திறந்துவிடப்பட்டபோது கட்டணம் 400 மைலுக்குள் 16 சொல்லுக்கு ஒரு ரூபாய். தோட்டக் கூலிக்கு மாதம் முழுக்க வேலை செய்தால் கிடைத்ததே சில ரூபாய்தான். யாருடைய வாய்க்காக அந்தக் கம்பி என்பதை இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

உங்கள் அப்பாயி வந்த பாதையைப் பாருங்கள். 1850களின் இறுதிக்குள் இந்தியாவும் இலங்கையும் தந்தியால் இணைந்துவிட்டன. அங்கே அது காப்பித் தோட்டங்களின் காலம். துரைமாருக்கு விலை நிலவரம் தெரிய வேண்டும், கப்பல் எப்போது வரும் என்று தெரிய வேண்டும். 1870ல் பம்பாயிலிருந்து கடலடிக் கேபிள் இங்கிலாந்தைத் தொட்டது, 1871ல் சென்னையிலிருந்து பினாங்கு வழியாகச் சிங்கப்பூருக்குப் போனது. லண்டன் சந்தைச் செய்தி சில மணி நேரத்தில் தோட்டத்து ஆபீசுக்கு வந்த அந்த நாட்களில், கூலிகள் மன்னாரிலிருந்து மாத்தளைக்குக் காட்டுவழியே நடந்து போனார்கள், போகிற வழியிலேயே காலராவில் செத்தார்கள். ஊரிலிருந்தவர்களுக்கு அந்தச் சாவுச் செய்தி ஆள்வழியாக வந்தால் உண்டு.

உங்கள் குடும்பம் நீலகிரிக்கு வந்த காலத்தில் தொலைபேசி இல்லாமலில்லை. வெளியூருக்குப் பேச டிரங்க் கால் புக் செய்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். ஆர்டினரி, அர்ஜென்ட், லைட்னிங் என்று தரம். அர்ஜென்டுக்கு இரட்டிப்பு, லைட்னிங்குக்கு இன்னும் பல மடங்கு. மூன்று நிமிடம் ஒரு கணக்கு. காசைக் கொடுத்துப் புக் செய்தாலும் மறுமுனையில் யார் எடுப்பது? ஹட்டன் பக்கத்துத் தோட்டத்தில் போன் இருந்தது துரை பங்களாவிலும் ஆபீசிலும். லயத்திலிருந்து, அதாவது அங்கத்து லைன் வீட்டிலிருந்து, ஒரு கிழவியைக் கூட்டிவர யார் ஆள் அனுப்புவார்கள்? கம்பி இரண்டு பக்கமும் இருந்தது, அப்பாயியும் தங்கச்சியும்தான் அதன் முனைகளில் இல்லை.

அதை மாற்றியது பெரிய கேபிள் எதுவும் இல்லை. 1984ல் தொடங்கிய சி-டாட் என்ற அரசு ஆராய்ச்சி நிறுவனம் வடிவமைத்த, 128 இணைப்பு முனைகள் மட்டுமே கொண்ட சின்ன கிராமத்து டெலிபோன் எக்ஸ்சேஞ்ச். ஏசி வேண்டாம், தூசி தாங்கும். வெளிநாட்டு எக்ஸ்சேஞ்சுகளுக்குக் குளிரூட்டிய அறை கட்டிக் கொடுத்துக்கொண்டிருந்த நாட்டில் இது பெரிய காரியம். அதன் பின்னால்தான் மஞ்சள் போர்டு போட்ட பூத்துகள் ஊர் ஊராக முளைத்தன. கண்ணாடிக் கூண்டு, தலைக்கு மேலே சிவப்பு எண்கள் ஓடும் மீட்டர். வெளிநாட்டுக்கு ஐஎஸ்டி பேசுகிறவர்கள் பாதிக் கண்ணை அந்த எண்களில் வைத்துக்கொண்டே 'சாப்பிட்டியா' என்று கேட்பார்கள். எண் தாவும்போது பேச்சும் வேகமெடுக்கும். அழுவதற்குக்கூட மீட்டர் ஓடும் என்பதால் வீட்டுக்கு வந்து அழுதவர்கள் உண்டு. தமிழ்நாட்டுத் தொலைத்தொடர்பு வரலாற்றை யாராவது எழுதினால் சிங்கப்பூர்க் கேபிளுக்கு ஒரு பக்கமும் பூத்துக்கு ஒரு அத்தியாயமும் கொடுக்க வேண்டும் என்பேன்.

இன்று தூரம் ஒரு பொருட்டே இல்லை. சென்னை–சிங்கப்பூர்க் கேபிள் சுமார் 3,200 கிலோமீட்டர். கண்ணாடி இழையில் ஒளி அதைக் கடக்க நொடியில் அறுபதில் ஒரு பங்குதான் ஆகும். இலங்கைக்குத் தூத்துக்குடியிலிருந்து மவுண்ட் லவினியாவுக்கு 2006லேயே தனிக் கேபிள் போட்டார்கள். சிக்கல் கடைசி நாலு கிலோமீட்டரில். செல்போன் அலை மேட்டைத் துளைத்துக்கொண்டு மறுபக்கம் இறங்காது. முகட்டில் நிற்கும் கோபுரம் டவுனையும் காட் ரோட்டையும் பார்த்தபடி இருக்கும், பின்பக்கப் பள்ளம் நிழலில் கிடக்கும். உங்கள் லைனுக்காக இன்னொரு கோபுரம் என்றால் வனத்துறை அனுமதி, மண்சரிவு, மின்சாரம் எல்லாம் உண்டு. அத்தனைக்கும் பிறகு சில டஜன் வீடுகளின் ரீசார்ஜ் காசு கட்டுப்படியாகாது என்று கம்பெனிக்காரன் கணக்குப் போடுவான்.

சாட்டிலைட்டுக்கு வருகிறேன். 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிற்கும் பழைய வகையில் கேட்ட கேள்விக்குப் பதில் வர அரை நொடி பிந்தும். புதியவை சுமார் 550 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுவதால் அந்தத் தொல்லை கிடையாது. ஆனால் அவை ஓடிக்கொண்டே இருப்பவை, டிஷ்ஷுக்குத் திறந்த வானம் வேண்டும். சரிவுக்கு அடியில், சில்வர் ஓக் மரங்களுக்கு நடுவே வைத்தால் விட்டுவிட்டுத்தான் கிடைக்கும். கொழுந்தெடுக்கிற சம்பளத்தில் வீட்டுக்கு ஒன்று வாங்குவதும் நடக்காது. லைனுக்குப் பொதுவாக ஒன்று, அங்கன்வாடிக் கூரை மாதிரி மரநிழல் படாத இடத்தில் வைத்து வைஃபையாகப் பிரித்துக்கொள்ளலாம். அதற்கு ஊராட்சியில் மனு கொடுங்கள். 'சிக்னல் இல்லை' என்று மட்டும் எழுதினால் கோப்பில் போய்விடும். எத்தனை வீடு, எத்தனை பள்ளிப் பிள்ளைகள், 108க்குப் பேச எவ்வளவு தூரம் மேடேற வேண்டும், பக்கத்துக் கோபுரம் எந்த முகட்டில் நிற்கிறது என்பதையெல்லாம் எழுதி, ஒரு நகலை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் நாளிலும் கொடுத்துவிடுங்கள்.