வாய்தாவுக்குப் போகாததால் புகார் தள்ளுபடி: திரும்ப எடுக்க முடியுமா?

கேள்வி: ஒன்றரை வருடத்துக்கு முன் மதுரையில் ஒரு கடையில் பிரிட்ஜ் வாங்கினேன். எட்டாவது மாதமே குளிர்ச்சி நின்றுபோனது. கடைக்காரர் கம்பெனியைக் கேட்கச் சொல்கிறார், கம்பெனி கடையைக் கை காட்டுகிறது. வக்கீல் வைக்காமல் நானே மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் புகார் கொடுத்தேன். இரண்டு வாய்தாவுக்குப் போனேன். மூன்றாவது வாய்தா அன்று அம்மாவை ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்ததால் போகவில்லை. புகாரைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள். மூன்று வாரம் ஆகிறது. ‘ரெஸ்டோர் மனு போடு, சரியாகிவிடும்’ என்கிறார் மாமா. போடலாமா?
– வாசகர், உசிலம்பட்டி

பதில்: போட வேண்டாம். மாமா சொல்வது சிவில் கோர்ட் நடைமுறை. அங்கே வாதி வராமல் தள்ளுபடியான வழக்கை 30 நாளுக்குள் மனுப் போட்டு அதே கோர்ட்டில் உயிர்ப்பிக்கலாம். மாவட்ட ஆணையத்துக்கு அந்த அதிகாரம் கிடையாது என்று 2011இல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. அங்கே மனுப் போட்டுக் காத்திருந்தால் மேல்முறையீட்டுக்கான நாள்தான் கரையும்.

மேல்முறையீடு மாநில ஆணையத்துக்கு. சென்னைக்கு ஓட வேண்டியதில்லை, அதன் கிளை மதுரையிலேயே இருக்கிறது. கெடு, உத்தரவு தேதியிலிருந்து 45 நாள். உங்களுக்கு இன்னும் மூன்று வாரத்துக்கு மேல் இருக்கிறது. உத்தரவு நகலை முதலில் வாங்கிப் படியுங்கள். ‘புகார்தாரர் ஆஜராகவில்லை, தள்ளுபடி’ என்று மட்டும் இருந்தால் உங்கள் கை ஓங்கும். பழைய 1986 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் ஆணையம் அப்படித் தள்ளவும் செய்யலாம், தகுதியைப் பார்த்து, அதாவது புகாரில் நியாயம் இருக்கிறதா என்று பார்த்து, முடிவு சொல்லவும் செய்யலாம். 2019 சட்டத்தின் 38ஆவது பிரிவிலோ, புகார்தாரர் வராவிட்டால் தகுதியைப் பார்த்து முடிவு செய்வது என்றுதான் இருக்கிறது. இதை மேல்முறையீட்டில் எழுதுங்கள். அம்மாவின் டிஸ்சார்ஜ் சம்மரியில் சேர்த்த தேதியும் வாய்தா தேதியும் ஒத்துப்போகிறதா என்று பார்த்து அதையும் இணையுங்கள்.

இன்னொரு வழி, புதிதாகப் புகார் கொடுப்பது. தகுதி பார்க்காமல் தள்ளுபடியானதைத் திரும்பத் தாக்கல் செய்யலாம் என்று 2000இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ஆனால் இரண்டு வருடக் கெடு தள்ளுபடியான நாளிலிருந்து ஓடாது, பிரச்சினை எழுந்த நாளிலிருந்தே ஓடும். குளிர்ச்சி நின்று பத்து மாதம்தான் ஆகிறது, நேரம் இருக்கிறது. பொருளுக்குக் கொடுத்த விலை 5 லட்சத்துக்குள் என்றால் புகார்க் கட்டணமும் இல்லை.

நானாக இருந்தால் மேல்முறையீட்டைத்தான் எடுப்பேன். இதுவரை போட்ட பேப்பரெல்லாம் அப்படியே நிற்கும். அப்புறம், அடுத்த முறை இப்படி ஆஸ்பத்திரி அவசரம் வந்தால், ஒரு கடிதத்தைத் தம்பி கையில் கொடுத்தாவது காலையிலேயே அனுப்பி வாய்தா கேளுங்கள். வீடியோவில் விசாரிக்கக் கேட்டு மனுச் செய்யவும் அதே 38ஆவது பிரிவில் இடமுண்டு.