ராயபுரத்துக் கடற்கரை மணல் எங்கே போனது?

கேள்வி: ராயபுரமும் கடலோரம்தானே, மெரினா மாதிரி மணல் இல்லாமல் ஏன் வெறும் கருங்கல்லாகக் கிடக்கிறது?

நான் பிறந்து வளர்ந்ததே ராயபுரம்தான். எங்களுக்கு வர வேண்டிய மணல் மேல் உட்கார்ந்துதான் நீங்கள் மெரினாவில் சுண்டல் தின்கிறீர்கள்.

துறைமுகம் வருவதற்கு முன் கப்பல்கள் கரைக்கு வராது. தூரத்திலேயே நங்கூரம் போட்டுவிடும். ஆளையும் சரக்கையும் அலை தாண்டிக் கொண்டுவந்தது மசூலாப் படகுகள். பலகைகளை ஆணி அடிக்காமல் கயிற்றால் தைத்திருப்பார்கள். அலை மோதினால் படகு வளைந்துகொடுக்கும், உடையாது. அந்தப் படகோட்டிகள் கட்டியதுதான் புனித ராயப்பர் தேவாலயம். ராயப்பர் என்றால் பீட்டர். அவரும் வலை வீசியவர்தானே! ஊர்ப் பெயரே அவரிடமிருந்து வந்தது என்பார்கள்.

அப்போது சென்னைக்கு வாசல் இந்தப் பக்கம்தான். தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856இல் ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் இருக்கிற வாலாஜா ரோடு ஸ்டேஷனுக்குப் போனது. அந்த ஸ்டேஷன் கட்டடம் இன்னும் நிற்கிறது. எங்கள் ஆட்களே திரும்பிப் பார்ப்பதில்லை, அது வேறு கதை.

1870களின் நடுவில் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் சுவர் கட்ட ஆரம்பித்தார்கள். 1881 புயல் அதில் பெரும்பகுதியை உடைத்துப் போட்டது. விடாமல் திரும்பக் கட்டினார்கள். துறைமுகம் நிலைத்ததும் மசூலாக்காரர்களின் பிழைப்பு போனது. கூடவே மணலும்.

இந்தக் கரையில் வருஷத்தில் முக்கால்வாசி நாள் தண்ணீர் தெற்கிலிருந்து வடக்கே ஓடும். மீனவர்கள் அதைத் தெண்டி என்பார்கள். ஐப்பசி, கார்த்திகை வாக்கில் திசை மாறி வன்னி வரும், ஆனால் அது கொஞ்ச நாள்தான். தெண்டி இழுத்து வருகிற மணல் துறைமுகச் சுவரில் முட்டித் தெற்கேயே தங்கிவிட்டது. மெரினா அப்படித்தான் இவ்வளவு அகலமானது. வடக்கே எங்கள் பக்கத்தில் அலை மணலை அள்ளிக்கொண்டு போகும், ஈடுகட்ட எதுவும் வராது. கரை தேய்ந்துகொண்டே போனது. வீடுகளைக் காப்பாற்றக் கருங்கல்லைக் கொட்டினார்கள். கொட்டிய இடத்தில் கடல் நின்றது. அரிப்பு மட்டும் நிற்கவில்லை, இன்னும் வடக்கே எண்ணூர்ப் பக்கமாக நகர்ந்தது. அங்கேயும் கல் போட்டார்கள்.

என் ஆயா அந்தக் கற்கள் மேல் நின்று தண்ணீரைக் காட்டுவாள். "அந்தாண்ட தெரியுது பாரு, அங்கதான் நம்ம ஊடு இருந்துச்சு." சின்ன வயதில் நான் நம்பவில்லை. தண்ணீருக்குள் எப்படி வீடு இருந்திருக்கும்?

சரி, மணலில் கால் வைத்தே ஆக வேண்டும் என்றால் காசிமேட்டில் என்4 பீச் என்று ஒரு துண்டு மிச்சம் இருக்கிறது. ஞாயிறு விடியலில் வந்தால் மீன் ஏலத்தையும் பார்த்துவிடலாம். வண்டியை மட்டும் தள்ளியே நிறுத்திவிட்டு வாருங்கள், கூட்டத்தில் மாட்டிக்கொண்டால் வெளியே எடுக்கப் பத்து மணி ஆகிவிடும்.