பெயருக்கும் குடும்பப் பெயருக்கும் இணையம் சொல்லும் பொருளை நம்பலாமா?

ஒரே பெயருக்கு நான்கு தளங்கள் நான்கு பொருள் சொல்கின்றன, எதை நம்புவது என்று கேட்டிருக்கிறீர்கள். என்னைக் கேட்டால் நான்கையும் தள்ளி வையுங்கள் என்பேன். பல நாட்டுச் சான்றிதழ்களை மொழிபெயர்ப்பது என் தொழில். நாள் முழுக்கப் பெயர்களோடுதான் மல்லுக்கட்டு. பொருளைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம், அந்தப் பெயரை யார், யாருக்கு, எப்போது வைத்தார்கள் என்று முதலில் கேட்பது என் வழக்கம்.

ஐ.நா. பொதுச்செயலாளர்களாக இருந்தவர்களின் பெயர்களைக் கொண்டே இதைக் காட்டிவிடலாம். எல்லாரும் கேள்விப்பட்ட பெயர்கள், ஒவ்வொன்றும் ஒவ்வொரு வழியாக வந்தவை.

கோஃபி அன்னானை எடுத்துக்கொள்ளுங்கள். கானாவின் அக்கான் மக்களிடம் பிறந்த கிழமையே குழந்தைக்குப் பெயராகும். வெள்ளிக்கிழமை பிறந்த ஆண் கோஃபி, சனிக்கிழமை பிறந்தவன் குவாமே. அன்னான் பிறந்த 1938 ஏப்ரல் 8 வெள்ளிக்கிழமைதான். சந்தேகம் இருந்தால் பழைய நாட்காட்டியைப் புரட்டிப் பார்க்கலாம். உடன்பிறந்த இரட்டைச் சகோதரியின் பெயர் எஃபுவா, வெள்ளிக்கிழமைப் பெண். கோஃபி அட்டா அன்னான் என்ற முழுப்பெயரின் நடுவில் நிற்கும் 'அட்டா' இரட்டையரில் ஒருவர் என்பதற்கான அடையாளம். இதுவரை எல்லாம் கச்சிதமாகப் பொருந்துகிறது. 'அன்னான்' என்றால் நான்காவது பிள்ளை. அதைக் கண்டதும் பெயர் அகராதிகள் 'வெள்ளியன்று பிறந்த நான்காவது குழந்தை' என்று எழுதிவிடுகின்றன. ஆனால் அவருடைய தந்தையும் அன்னான்தானே! நான்காவதாகப் பிறந்தவர் அந்தக் குடும்பத்தின் முன்னோரில் ஒருவர். மற்றவர்களுக்கு அது வழிவழியாக வந்த பெயர், அவ்வளவே.

முதற்பெயர் அதைச் சுமப்பவரைப் பற்றி ஏதோ சொல்லக்கூடும். குடும்பப் பெயரோ அதை முதலில் ஏற்றவரைப் பற்றி மட்டுமே சொல்லும். கொல்லன் என்று பொருள்படும் ஸ்மித், ஷ்மிட், கோவாச், ஹத்தாத் ஆகியவற்றுள் ஒன்றைத் தாங்கியவர்கள் எத்தனையோ தலைமுறையாகச் சம்மட்டியைத் தொட்டிருக்க மாட்டார்கள்.

எனக்கு மிகவும் பிடித்த இணை ஒன்று உண்டு. 1982 முதல் 1991 வரை பதவியில் இருந்தவர் பெருவின் ஹாவியர் பெரெஸ் தெ குவேயர். அவரை அடுத்து வந்தவர் எகிப்தின் பூத்ரோஸ் பூத்ரோஸ் காலி. கேட்பதற்கு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் இருவர் பெயரிலும் இருப்பவர் இயேசுவின் சீடரான அதே பேதுரு! அரமேய மொழியில் பாறை என்று பொருள்படும் 'கேபா' கிரேக்கத்தில் 'பெட்ரோஸ்' ஆனது. அது அரபியில் பூத்ரோஸ், ஸ்பானிய மொழியில் பெத்ரோ அல்லது பெரோ. 'எஸ்' விகுதி மகன் என்பதைக் குறிப்பதால் பெரெஸ் என்றால் பெரோவின் மகன். குவேயர் என்பது ஸ்பெயினின் செகோவியா மாகாணத்தில் உள்ள ஓர் ஊர். இவர் பிறந்ததோ பெருவின் தலைநகர் லிமாவில். பூத்ரோஸ் இரண்டு முறை வருவதும் தட்டச்சுப் பிழையல்ல. 1910இல் கொல்லப்பட்ட எகிப்தியப் பிரதமர் பூத்ரோஸ் காலி அவருடைய தாத்தா. தாத்தாவின் முழுப்பெயரும் குடும்பப் பெயராகிவிட, பேரனுக்கும் அதே முதற்பெயர் அமைந்தது.

பர்மாவின் ஊ தாண்ட் எங்களைப் போன்றவர்களுக்குத் தலைவலி. அவருக்குக் குடும்பப் பெயரே கிடையாது. 'ஊ' என்பது 'திரு' போன்ற மரியாதை அடைமொழி, பெயர் 'தாண்ட்' மட்டும். தந்தையின் பெயர் போ ஹ்னிட். இரண்டிலும் பொதுவான சொல் ஒன்றுகூட இல்லை. இப்படிப்பட்டவரிடம் குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம், முதற்பெயருக்கு ஒரு கட்டம் என்று விண்ணப்பத்தை நீட்டினால் என்ன நிரப்புவார்? கட்டம் காலியாக இருக்கக் கூடாது என்று அடம்பிடிக்கும் படிவங்களை வடிவமைத்தவர்கள் மீது எனக்குத் தீராத கோபம் உண்டு.

ஆஸ்திரியாவின் குர்ட் வால்ட்ஹைம் கதை வேறு. வால்ட்ஹைம் என்றால் காட்டு இல்லம். அழகான ஜெர்மன் பெயர். ஆனால் ஆஸ்திரியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் முடியாட்சி சரிந்த காலத்தில் அவருடைய தந்தை வாட்ஸ்லாவிக் என்ற செக் பெயரைக் கைவிட்டுத் தேர்ந்தெடுத்துக்கொண்ட பெயர் அது. காட்டைப் பிடித்துக்கொண்டு பூர்விகம் தேடப் போனால் வழி தவறிவிடும்.

பெயரைத் தாமே தேர்ந்தெடுத்துக்கொண்டவர்களைவிட அரசாணையால் பெற்றவர்கள் உலகில் ஏராளம். பிலிப்பைன்ஸில் 1849இல் ஸ்பானிய ஆளுநர் நார்சிஸோ கிளாவெரியா அகர வரிசையில் ஒரு பெயர்ப் பட்டியலைத் தயாரித்து ஊர் ஊராகப் பங்கிடச் செய்தார். சில ஊர்களில் பெரும்பாலான குடும்பப் பெயர்கள் இன்றும் ஒரே எழுத்தில் தொடங்குவது அதனால்தான். அங்கே ஒருவருக்கு ஸ்பானியக் குடும்பப் பெயர் இருப்பதை வைத்து ஸ்பானிய ரத்தம் என்று முடிவுகட்ட முடியாது. ஜப்பானில் 1875இல் எல்லாரும் குடும்பப் பெயர் வைத்துக்கொண்டே ஆக வேண்டும் என்று ஆணை வந்தது. துருக்கியில் அதே கட்டாயம் 1934இல். குடியரசுத் தலைவர் முஸ்தபா கெமாலுக்கு 'துருக்கியரின் தந்தை' என்ற பொருளில் 'அத்தாதுர்க்' என்ற பெயரை நாடாளுமன்றம் வழங்கியதும், அவருடைய தளபதி இஸ்மெத், தாம் போரிட்ட இனோனு என்ற ஊரின் பெயரை ஏற்றதும் அந்த ஆண்டில்தான். வரி வசூலிக்கவும் படைக்கு ஆள் திரட்டவும் இரண்டு முஸ்தபாக்களைப் பிரித்தறிய வேண்டிய தேவை அரசுக்கு எப்போதும் உண்டு.

முதற்பெயர்களிலும் கட்டுக்கதைகளுக்குக் குறைவில்லை. வனெஸ்ஸா என்றால் கிரேக்கத்தில் பட்டாம்பூச்சி என்று பல தளங்களில் காணலாம். அது எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட் ஒரு கவிதைக்காகத் தம் தோழி எஸ்தர் வன்ஹோம்ரிக்கின் பெயரிலிருந்து உருவாக்கிய சொல். குடும்பப் பெயரின் 'வன்', எஸ்தரின் செல்லப்பெயரான 'எஸ்ஸா'. அந்தக் கவிதை அச்சானது 1726இல். ஃபாப்ரிஸியஸ் என்ற பூச்சியியலாளர் ஒரு பட்டாம்பூச்சிப் பேரினத்துக்கு அதே பெயரை வைத்தது 1807இல். பெண் பெயர் முந்தியது, பூச்சி பிந்தியது.

உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். வீட்டில் இருப்பதிலேயே பழைய ஆவணத்தை எடுங்கள்: பிறப்புப் பதிவு, நிலப் பத்திரம், ஞானஸ்நானச் சான்று, எதுவானாலும் சரி. அதில் குடும்பப் பெயர் இருக்கிறதா, எந்த எழுத்துக்கூட்டலில் இருக்கிறது, எந்த மொழியில் எழுதியிருக்கிறார்கள் என்று பாருங்கள். பிறகு அதற்கு ஒரு தலைமுறை முந்தைய ஆவணத்தைத் தேடுங்கள். பெயர் எங்கே மாறுகிறதோ, அல்லது எந்த ஆண்டுக்கு முன்னால் இல்லாமல் போகிறதோ, அங்கே நின்று அந்தக் காலத்துச் சட்டம், இடப்பெயர்வு, மதமாற்றம் என்ன என்று விசாரியுங்கள். அகராதியைத் திறப்பது அதற்குப் பிறகுதான். அதுவும் அந்தப் பெயரை எழுதியவர் பேசிய மொழியின் அகராதியை.

நீங்கள் ஐஸ்லாந்துக்காரராக இருந்தால் மட்டும் இந்த உழைப்பு வேண்டாம். அங்கே பெரும்பாலோருக்குத் தந்தை அல்லது தாயின் முதற்பெயரோடு மகன் என்றோ மகள் என்றோ சேர்த்தால் கடைசிப் பெயர் தயார். தொலைபேசிக் கையேட்டைக்கூட முதற்பெயர் வரிசையில்தான் அச்சிட்டார்கள்.