வவுனியாவிலிருந்து கோத்தகிரி வந்த மகளுக்கு

கல்யாணமாகி கோத்தகிரி வந்திருக்கிறேன், விசா, ரேஷன் கார்டு எல்லாம் எங்கே தொடங்குவது என்றே தெரியவில்லை என்று எழுதியிருந்தீர்கள். ஊரில் என்றால் இலங்கை வடமாகாண ஆளுநராக இருந்த சார்ல்ஸ் அம்மாவுக்கு ஒரு கடிதம் போட்டிருப்பேன், ஊட்டியிலும் ஆளுநர் மாளிகை இருக்கிறதாமே, கோடையில் கவர்னர் வரும்போது மனுக் கொடுக்கலாமா என்றும் கேட்டிருந்தீர்கள்.

கொடுக்கலாம் மகள், தப்பில்லை. ஆனால் அந்த மனு சுற்றிச் சுற்றிக் கடைசியில் ஊட்டி கலெக்டர் ஆபீசுக்குத்தான் வந்து சேரும். அதற்கு நேரே அங்கேயே போய்விடலாம்.

நானும் அங்கிருந்து வந்தவன்தான். 1964 சாஸ்திரி - சிறிமாவோ ஒப்பந்தத்தில் இலங்கையிலிருந்த இந்திய வம்சாவளித் தமிழர்களில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பது என்று முடிவானதே, அந்தக் கணக்கில் எங்கள் குடும்பமும் ஒன்று. தலைமன்னாரில் கப்பலேறி, மண்டபம் முகாம் வழியாக இந்த மலைக்கு வந்து, அப்பாவும் அம்மாவும் டேன்டீ என்கிற அரசுத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுத்தார்கள். இன்னும் எங்களைச் ‘சிலோன்காரங்க’ என்றுதான் சொல்வார்கள். உங்களையும் சொல்வார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும்.

சார்ல்ஸ் அம்மா விஷயத்துக்கு வருகிறேன். வடக்கின் முதல் பெண் ஆளுநர் என்றுதான் எல்லாரும் அவரைச் சொல்கிறார்கள். ஆனால் உங்கள் ஊர்க்காரர்களுக்கு அவர் அதற்கு முன்பே தெரிந்தவர். 2009-இல் போர் முடிந்தபோது வவுனியா அரசாங்க அதிபர், அதாவது மாவட்ட நிர்வாகத்துக்குத் தலைவர், அவர்தான். செட்டிக்குளம் மெனிக் பாம் முகாம்களில் லட்சக்கணக்கான சனம் கம்பிவேலிக்குள் கிடந்த நேரம். ராணுவம் ஒரு பக்கம், ஐ.நா. ஆட்கள் ஒரு பக்கம், கொழும்பு ஒரு பக்கம் இழுக்க, நடுவில் உட்கார்ந்து சோறு, தண்ணி, கூடாரம் என்று பார்க்க வேண்டிய நாற்காலி அது. அப்புறம் மட்டக்களப்பில் அரசாங்க அதிபர். அதற்குப் பிறகு சுங்கத் திணைக்களத்துக்குத் தலைமை. 2019 ஜனவரியில் அங்கிருந்து அவரைத் தூக்கியபோது சுங்க ஊழியர்களே வேலையைப் போட்டுவிட்டுப் போராட, அரசாங்கம் அவரைத் திரும்பக் கொண்டுவந்தது. ஒரு மேலதிகாரிக்காக ஊழியர்கள் தெருவில் இறங்குவது லேசில் நடக்கிற காரியமா? என்னைக் கேட்டால், அவருடைய கணக்கில் ஆளுநர் பதவியைவிட இதுதான் பெரிது.

ஓட்டுக் கேட்டு மேலே வந்த அரசியல் இல்லை அது. 2019 டிசம்பரில் ஜனாதிபதி கோட்டாபய ஆளுநராக நியமித்தார், 2021 அக்டோபரில் மாற்றினார்கள். இடையில் தேர்தல் ஆணைக்குழு உறுப்பினர். 2023 மே மாதம் அப்போதைய ஜனாதிபதி ரணில் திரும்பவும் வடக்குக்கு அனுப்பினார். 2024 செப்டம்பரில் அநுர ஜனாதிபதியானதும் பதவி விலகினார். மேலே ஆள் மாறினால் ஆளுநரும் மாறுவார், அவ்வளவுதான்.

இங்கேயும் அந்தக் கதை உண்டு. உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியான பாத்திமா பீவி, 1997 முதல் தமிழ்நாட்டு ஆளுநராக இருந்தார். 2001-இல் ஜெயலலிதாவுக்குப் பதவிப் பிரமாணம் செய்து வைத்தார். அதன் பிறகு கருணாநிதி கைதானபோது டெல்லிக்கும் அவருக்கும் முட்டிக்கொண்டு, ராஜினாமா செய்துவிட்டுப் போனார்.

ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. 2013-இல் தேர்ந்தெடுத்த வடமாகாண சபை 2018 அக்டோபரில் காலாவதியான பிறகு அங்கே தேர்தலே நடக்கவில்லை. சபை இல்லை, முதலமைச்சர் இல்லை. மாகாணத்துப் பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, இடமாற்றம் எல்லாம் ஆளுநர் மேசைக்குத்தான் போக வேண்டும். கடிதத்துக்குப் பலன் கிடைத்தது அதனால்தான். இங்கே சட்டசபை இருக்கிறது, மந்திரிகள் இருக்கிறார்கள். ஆளுநர் அவர்கள் ஆலோசனைப்படி நடக்க வேண்டியவர். மே மாதம் மலர்க் கண்காட்சி சமயத்தில் ஊட்டிக்கு வந்தால், தாவரவியல் பூங்காப் பக்கம் போலீஸ் நிற்கும், டிராபிக் நிற்கும். உங்கள் ரேஷன் கார்டு நகராது.

வவுனியாவில் அவர் உட்கார்ந்த அந்த அரசாங்க அதிபர் நாற்காலிக்கு இங்கே ஈடு கலெக்டர். சுப்ரியா சாகு என்ற அம்மா கலெக்டராக இருந்தபோதுதான் நீலகிரியில் பிளாஸ்டிக் பைக்குத் தடை வந்தது. எத்தனையோ கவர்னர்கள் வந்து போனார்கள், ஒருவர் பெயரும் எங்கள் தோட்டத்து லயத்தில் யாருக்கும் ஞாபகமில்லை.

திங்கட்கிழமை காலையில் ஊட்டி பிங்கர்போஸ்ட்டில் மக்கள் குறைதீர்க்கும் நாள் நடக்கும். ஸ்வெட்டரும் மப்ளருமாக வரிசை நிற்கும், சீக்கிரம் போங்கள். மனுவைப் பதிந்து ரசீது தருவார்கள். அந்தத் துண்டுச் சீட்டைத் தொலைக்கவே கூடாது, அடுத்த முறை அதைத்தான் முதலில் கேட்பார்கள்.

ஆனால் விசா, பதிவு விஷயங்களுக்கு எஸ்.பி. ஆபீசில் வெளிநாட்டவர் பதிவைப் பார்க்கிற பிரிவுக்குத்தான் போக வேண்டும். கல்யாணப் பதிவுச் சான்றிதழ், பாஸ்போர்ட், வீட்டுக்காரருடைய ஆதார், எல்லாவற்றிலும் இரண்டிரண்டு நகல் கையில் இருக்கட்டும். வீட்டுக்காரர் இந்தியக் குடிமகன் என்பதால் ஏழு வருடம் இங்கே குடியிருந்த பிறகு குடியுரிமைக்கு விண்ணப்பிக்கலாம். அதுவரை ரேஷன் கார்டை மறந்துவிடுங்கள். மாமியார் ஏதாவது சொன்னால், சட்டம் அப்படித்தான் என்று இந்த மாமா எழுதியதைக் காட்டுங்கள்.