மிளகு தேடி வந்தவர்களின் அடுப்பு

அன்புள்ள ஆசிரியருக்கு,

வேலைக்காக ஸ்டுட்கார்ட் வந்து இரண்டு வருடம் ஆகிறது. மதியம் அலுவலக கேன்டீனில்தான் சாப்பாடு. வேகவைத்த உருளைக்கிழங்கு, ஒரு துண்டு இறைச்சி, மேலே ஊற்றிய ஒரு பழுப்புக் குழம்பு. உப்பும் மிளகுத்தூளும் மேசையில் இருக்கும், போட்டுக்கொள்ளலாம். நானும் பழகப் பார்க்கிறேன், நாக்குக்குப் பிடிக்கவே இல்லை.

மிளகுக்காகவும் கிராம்புக்காகவும் ஐரோப்பியர் கடல் தாண்டி வந்தார்கள், கெட்டுப்போன இறைச்சியின் நாற்றத்தை மறைக்க அவர்களுக்கு மசாலா தேவைப்பட்டது என்றெல்லாம் பள்ளியில் கேட்டிருக்கிறோம். அவ்வளவு பாடுபட்டுக் கொண்டுபோன மசாலா எங்கே போயிற்று? இவர்கள் சாப்பாடு எப்போதுமே இப்படித்தானா? "அவங்களுக்கு நாக்கே கிடையாதுடி" என்கிறார் அம்மா. எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

அம்மா சொல்வதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. 600 வருடங்களுக்கு முன் ஐரோப்பாவில் ஒரு பிரபு வீட்டு விருந்துக்குப் போயிருந்தால் நீங்கள் இந்தக் கடிதத்தையே எழுதியிருக்க மாட்டீர்கள். சுக்கு, பட்டை, கிராம்பு, ஜாதிக்காய், ஜாதிபத்திரி, குங்குமப்பூ எல்லாம் அந்த அடுப்படியில் இருந்தன. இன்று நம் வீட்டுச் சமையலிலேயே காணாமல் போய், நாட்டு மருந்துக் கடையில் மட்டும் கிடைக்கிற சித்தரத்தை, திப்பிலி, வால்மிளகு கூட இருந்தன. இங்கிலாந்து அரசர் இரண்டாம் ரிச்சர்டின் சமையல்காரர்கள் 1390 வாக்கில் தொகுத்த குறிப்புகளையும், பிரான்சில் அரச சமையற்காரர் தாய்வானின் பெயரில் வழங்கும் குறிப்புகளையும் படித்தால் இது தெரியும். அந்தக் காலத்தில் பாரிஸில் பெயர்பெற்ற சாஸ் ஒன்றில் பட்டையும் சுக்கும் வினிகரும்தான் பிரதானம். கெட்டியாக்க ரொட்டித் துண்டு. இனிப்பும் புளிப்பும் காரமும் ஒரே தட்டில் கலந்து வந்தன.

அதற்கும் முன்னால் ரோமானியர்கள். யவனர் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பியதை முசிறித் துறையில் வைத்து அகநானூறு பாடுகிறது. அந்த மிளகு போய்ச் சேர்ந்த இடம் ரோமானியச் சமையலறை. அபிசியுஸ் பெயரில் இன்று கிடைக்கும் லத்தீன் சமையல் தொகுப்பில் பெரும்பாலான குறிப்புகளில் மிளகு வருகிறது, இனிப்புப் பண்டங்களில் கூட. கூடவே மீனை உப்பில் நொதிக்கவிட்டு எடுத்த ஒரு சாறு. கி.பி. 408 இல் ரோமை முற்றுகையிட்ட கோத் இனத் தலைவர் அலாரிக், முற்றுகையை விலக்கக் கேட்ட பொருள்களில் பொன், வெள்ளி, பட்டோடு 3,000 ராத்தல் மிளகும் இருந்தது.

அந்தக் கெட்டுப்போன இறைச்சிக் கதையை இங்கேயே முடித்துவிடலாம். அது தவறு. மிளகும் கிராம்பும் வாங்க வசதி உள்ளவருக்குப் புது இறைச்சி வாங்குவது பெரிய செலவே இல்லை. மசாலாதான் விலை உயர்ந்தது. கெட்டதை விற்றவர்களை நகரங்கள் சும்மா விடவும் இல்லை. லண்டனில் அப்படி விற்றவனைத் தண்டனைக் கட்டையில் பூட்டி நிறுத்தி, அவன் விற்ற இறைச்சியை அவன் காலடியிலேயே எரித்த வழக்குகள் பதிவாகியிருக்கின்றன. இறைச்சியைப் பாதுகாக்க அவர்களிடம் உப்பும் புகையும் வினிகரும் இருந்தன. அந்த வேலைக்கு மிளகு தேவைப்படவே இல்லை.

பிறகு எதற்கு மசாலா? அந்தஸ்து ஒரு காரணம். வைத்தியம் இன்னொன்று. இரத்தம், கபம், மஞ்சள் பித்தம், கரும்பித்தம் என்று நான்கு திரவங்களின் சமநிலைதான் உடல் நலம் என்று பழைய கிரேக்க வைத்தியர் கேலன் காலத்திலிருந்து நம்பினார்கள். ஒவ்வொரு உணவுக்கும் சூடு, குளிர்ச்சி, வறட்சி, ஈரம் என்று குணம் உண்டு. மீன் குளிர்ச்சியும் ஈரமும் உள்ளது, அதனால் சூடான சுக்கும் மிளகும் சேர்த்துச் சமன் செய்ய வேண்டும். தயிர் குளிர்ச்சி, மாம்பழம் சூடு என்று சொல்லும் நம் வீட்டுப் பாட்டியை அந்தக் காலத்துப் பாரிஸ் சமையல்காரரோடு உட்கார வைத்தால் இருவருக்கும் பேச நிறைய இருந்திருக்கும்.

ஆனால் இதெல்லாம் மேசை வைத்துச் சாப்பிட்டவர்கள் கதை. ஊரில் பெரும்பான்மையோருக்குக் கம்பு மாதிரியான ரை தானிய ரொட்டி, வாற்கோதுமைக் கஞ்சி, முட்டைக்கோஸ், வெங்காயம், கிடைத்தால் கொஞ்சம் பன்றிக்கொழுப்பு. இன்று ஐரோப்பிய உணவு என்றாலே நினைவுக்கு வரும் உருளைக்கிழங்கும் தக்காளியும் அப்போது அங்கே இல்லவே இல்லை. இரண்டும் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவை. இத்தாலியில் அச்சான முதல் தக்காளிச் சாஸ் குறிப்பு 1690களில்தான் வருகிறது, நேப்பிள்ஸில், அதுவும் 'ஸ்பானிய முறை' என்ற பெயரோடு. உருளைக்கிழங்கு பயிரிடச் சொல்லி பிரஷ்ய மன்னர் பிரெடெரிக் 1756 இல் உத்தரவு போட வேண்டியிருந்தது. அதே கிழங்கை மட்டும் நம்பியிருந்த அயர்லாந்தின் ஏழைகள் 1845 இல் பயிர்நோய் வந்தபோது என்ன ஆனார்கள் என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கும். சுமார் பத்து லட்சம் பேர் இறந்தார்கள். உங்கள் கேன்டீன் தட்டில் இருக்கும் கிழங்குக்கு அப்படியும் ஒரு பின்கதை இருக்கிறது.

சரி, மசாலா எப்போது போயிற்று? 17ஆம் நூற்றாண்டில். தொடங்கியது பிரான்சில்.

காரணங்கள் பல. போர்ச்சுகீசியருக்குப் பின்னால் டச்சு, ஆங்கிலேயக் கம்பெனிகளும் கப்பல் கப்பலாக மசாலா இறக்கியதில் விலை சரிந்தது. கடைக்காரர் வீட்டிலும் மிளகு மணக்கத் தொடங்கியதும் பிரபுவுக்கு அதில் பெருமை இல்லை. வைத்தியமும் மாறியது. நான்கு திரவக் கொள்கை ஆட்டம் கண்டு, செரிமானம் ஒரு வகை நொதித்தல் என்று சொல்லும் புதிய வைத்தியர்கள் வந்தார்கள். சூடு, குளிர்ச்சி பார்த்து மசாலா சேர்க்க வேண்டிய கட்டாயம் குறைந்தது.

இவை எல்லாம் உண்மைதான். ஆனால் எனக்கு முக்கியமாகப் படுவது சமையல்காரர்கள் மனத்தில் நடந்த மாற்றம். 1651 இல் லா வரேன் எழுதிய சமையல் நூலில் மசாலா ஒதுங்கி நிற்கிறது. மாவைக் கொழுப்பில் வறுத்துச் சாஸைக் கெட்டியாக்குவது, தைம், பார்ஸ்லி போன்ற தழைகளைக் கட்டாகக் கட்டிப் போடுவது எல்லாம் முன்னால் வருகின்றன. மூன்று வருடம் கழித்து நிக்கோலா த பொன்ஃபோன் இன்னும் தெளிவாகவே சொல்கிறார். முட்டைக்கோஸ் சூப்பில் முட்டைக்கோஸ் மணக்க வேண்டும், லீக் சூப்பில் லீக், டர்னிப் சூப்பில் டர்னிப். எதைச் சமைக்கிறோமோ அதன் சொந்தச் சுவையை வெளியே கொண்டுவருவதே சமையல் என்ற இந்த எண்ணம் எனக்கு மிகவும் பிடித்தமானது. நாம் மசாலாவைக் கூட்டிக் கூட்டி ஒரு புதுச் சுவையை உண்டாக்குகிறோம். அவர்கள் வேறு திசையில் போனார்கள். இரண்டுமே அறிவுள்ள வழிகள்தான்.

மசாலா விட்ட இடத்துக்கு வந்தது வெண்ணெய். இதில் மதமும் கலந்திருக்கிறது. கத்தோலிக்க ஐரோப்பாவில் வருடத்தில் நூறு நாளுக்கு மேல் விரதம், இறைச்சி கூடாது. ஈஸ்டருக்கு முந்தைய தவக்காலத்தில் பால், வெண்ணெய், முட்டையும் கூடாது. தெற்கே ஆலிவ் எண்ணெய் இருந்தது, சமாளித்தார்கள். வடக்கே என்ன செய்வது? பணம் கட்டி அனுமதி வாங்கினார்கள். பிரான்சில் ரூவான் நகரத்துப் பேராலயத்தில் 'வெண்ணெய்க் கோபுரம்' என்றே ஒன்று இன்றும் நிற்கிறது. தவக்காலத்தில் வெண்ணெய் சாப்பிட மக்கள் கட்டிய காசு அதன் செலவுக்குப் போனது. ரோமில் இருப்பவர்கள் தங்கள் செருப்புக்குக் கூடத் தடவாத எண்ணெயை நம்மைத் தின்ன வைக்கிறார்கள் என்று 1520 இல் ஜெர்மானிய மதச் சீர்திருத்தவாதி மார்ட்டின் லூதர் கொதித்து எழுதினார். இரண்டு வருடம் கழித்து சூரிச்சில் ஓர் அச்சகக்காரர் வீட்டில் தவக்காலத்தில் தொத்திறைச்சி சாப்பிட்டதே அந்த ஊரின் மதச் சீர்திருத்தத்துக்குத் திரியைக் கொளுத்தியது. விரதக் கட்டு தளர்ந்தபின் வெண்ணெய் சமையலறைக்குள் தாராளமாக வந்தது. முன்பு வினிகரும் ரொட்டியுமாக, கொழுப்பே இல்லாமல் இருந்த சாஸ்கள் வெண்ணெயும் எலும்புச் சாறுமாக மாறின.

உங்கள் கேன்டீனின் பழுப்புக் குழம்பு அந்தப் பரம்பரையில் வந்ததுதான். ஒழுங்காகச் செய்தால் எலும்பைச் சூளையடுப்பில் சிவக்க வறுத்து, வெங்காயம், கேரட், செலரிக்கிழங்கு, லீக் சேர்த்து, ஒயின் விட்டுச் சுண்டவைத்து, மணிக்கணக்கில் சிறு தீயில் விட்டு, வடிகட்டி மறுபடி சுண்டவைக்க வேண்டும். ஆயிரம் பேருக்குப் பன்னிரண்டு மணிக்குள் சமைக்கும் இடத்தில் அதற்கு ஏது நேரம்? பொடியைத் தண்ணீரில் கரைத்துவிடுவார்கள். அதை வைத்து ஒரு கண்டத்தின் நாக்கை எடை போடாதீர்கள்.

அந்தச் சமையலில் மசாலாவின் வேலையைக் காலம் செய்கிறது. பார்மா ஹாம் எடுத்துக்கொள்ளுங்கள். பன்றித் தொடை, கடல் உப்பு, காற்று, குறைந்தது 14 மாதம். வேறு எதுவும் இல்லை. பார்மிஜானோ சீஸ் ஒரு வட்டுக்குச் சுமார் 550 லிட்டர் பால் போகிறது. குறைந்தது 12 மாதம் மரப்பலகையில் கிடக்கும், 24 மாதமும் 36 மாதமும் வைப்பார்கள். அந்த மாதங்களில் புரதம் உடைந்து குளுட்டமேட் என்ற சுவைப்பொருள் சேர்கிறது. நாக்கின் ஓரத்தில் எச்சில் ஊற வைப்பது அதுதான். ரோமானியரின் மீன்சாறு செய்ததும் இதே வேலைதான். அதன் வாரிசு போன்ற ஒரு நெத்திலிச் சாறு இத்தாலியின் அமால்பிக் கடற்கரையில் செத்தாரா என்ற ஊரில் இன்றும் மரப்பீப்பாயில் இறங்குகிறது. புளித்த மாவு ரொட்டி, உப்பில் புளித்த முட்டைக்கோஸ், குகையில் பூசணம் பிடிக்க வைக்கும் ரொக்ஃபோர் சீஸ் எல்லாம் இந்த வழியில் வந்தவைதான். கடையில் நான்கு மாதச் சீஸும் இருபது மாதச் சீஸும் சின்னத் துண்டாக வாங்கி, குளிர்பெட்டியிலிருந்து எடுத்து அரை மணி நேரம் வெளியே வைத்து, ஒன்றன்பின் ஒன்றாகச் சாப்பிட்டுப் பாருங்கள்.

மசாலாவும் முழுக்கப் போய்விடவில்லை. இனிப்புக்குள் ஒதுங்கிக்கொண்டது. டிசம்பரில் உங்கள் ஊர்ச் சந்தையில் விற்கும் லேப்கூகன் கேக், சுடச்சுட ஊற்றித் தரும் குளூவைன் என்ற ஒயின், இரண்டிலும் இருப்பது அந்த இடைக்காலப் பட்டையும் கிராம்பும்தான். இத்தாலியில் சியெனா நகரத்தின் பான்போர்த்தே கேக், டச்சுக்காரர்களின் ஸ்பெகுலாஸ் பிஸ்கட், ஆங்கிலேயரின் கிறிஸ்துமஸ் புட்டிங் எல்லாம் பழைய விருந்தின் மிச்சம். நெதர்லாந்தின் லைடன் நகரத்துச் சீஸில் சீரகம் இருக்கும், கடித்தால் நம் வீட்டு வாசம் வரும். காரமும் சில இடங்களில் வேர்விட்டிருக்கிறது. ஹங்கேரியின் செகெத், ஸ்பெயினின் லா வேரா, இத்தாலியின் கலாப்ரியா, பாஸ்க் நாட்டின் எஸ்பலெட் எல்லாம் மிளகாய் ஊர்கள். எஸ்பலெட்டில் வீட்டுச் சுவர் முழுக்க மிளகாய்ச் சரம் தொங்கும். செகெத்தில் இருந்த விஞ்ஞானி அல்பர்ட் சென்ட்-ஜார்ஜி, வைட்டமின் சியை அந்த ஊர் மிளகாயிலிருந்துதான் பெருமளவில் பிரித்தெடுத்தார். 1937 இல் நோபல் பரிசும் பெற்றார்.

இங்கிலாந்தைப் பற்றி ஒரு வார்த்தை. 'சப்பென்று சமைப்பவர்கள்' என்ற கெட்ட பெயர் அவர்களுக்குத்தான் அதிகம். 1940 முதல் 1954 வரை அங்கே உணவுப் பங்கீடு. வாரத்துக்கு இத்தனை அவுன்ஸ் வெண்ணெய், இத்தனை அவுன்ஸ் சீஸ் என்று அட்டையில் வாங்கிச் சாப்பிட்டு வளர்ந்த ஒரு தலைமுறையின் சமையலைப் பார்த்து எழுந்த பெயர் அதில் பெரும்பங்கு.

நீங்கள் இருப்பது ஸ்டுட்கார்ட் என்பதால் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். உங்கள் பகுதியின் சொந்தச் சாப்பாடு பருப்புதான். ஊருக்குத் தெற்கே ஷ்வேபிய ஆல்ப் மலைப் பகுதியில், கல் நிறைந்த ஏழை மண்ணில், சின்னச் சின்ன லென்டில் பருப்பு பயிரிட்டார்கள். செடி தானாக நிற்காது, சாய்ந்துகொள்ள ஓட்ஸோ வாற்கோதுமையோ கூடவே விதைக்க வேண்டும். வேலை அதிகம், விளைச்சல் குறைவு, வெளியிலிருந்து மலிவான பருப்பு வரத் தொடங்கியதும் 20ஆம் நூற்றாண்டின் நடுவில் அந்தப் பயிரே நின்றுபோனது. விதையும் போயிற்று. அப்புறம் அந்த மலையின் விவசாயிகள் தேடினார்கள். 2006 இல் ரஷ்யாவில், செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் உள்ள வாவிலோவ் விதை வங்கியில், அந்தப் பழைய ரகங்கள் கிடைத்தன. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியப் படை அந்த நகரத்தை முற்றுகையிட்டிருந்தபோது, அந்த விதை வங்கியில் வேலை பார்த்தவர்கள் பலர் பட்டினியால் செத்தார்கள். கையருகே இருந்த விதை மூட்டைகளைத் தொடவில்லை. அந்தக் களஞ்சியத்திலிருந்துதான் சில கைப்பிடி விதைகள் ஜெர்மானிய விவசாயிக்கே திரும்பி வந்தன. இதை எப்போது நினைத்தாலும் எனக்கு மனம் நெகிழ்ந்துவிடும்.

இப்போது அது 'ஆல்ப்-லைசா' என்ற பெயரில் விற்பனைக்குக் கிடைக்கிறது. உணவகத்தில் என்றால் லின்சன் மிட் ஷ்பெட்ஸ்லே என்று கேளுங்கள். பருப்பு, முட்டை மாவில் செய்த ஷ்பெட்ஸ்லே நூடுல்ஸ், கூட ஒரு ஜோடி மெல்லிய தொத்திறைச்சி வரும். கேன்டீனில் வேண்டாம், ஊர்க்காரர்கள் ஞாயிற்றுக்கிழமை போகும் சின்ன உணவகமாகப் பாருங்கள். மேசையில் வினிகர் இருக்கும், இல்லாவிட்டால் கேட்டால் தருவார்கள். தாராளமாகவே விட்டுக்கொள்ளுங்கள், அந்த ஊர்க்காரர்களும் அப்படித்தான் சாப்பிடுகிறார்கள்.