தனுஷ்கோடியைப் பற்றி வர்ணனை இல்லாமல், நிதானமான 10 நிமிடப் படம் எடுக்க என்னென்ன தேவை?

கேமரா எதுவானாலும் பரவாயில்லை. இந்த மாதிரிப் படங்களைக் கெடுப்பது பெரும்பாலும் அவசரமும் காற்றும்தான்.

ஒவ்வொரு ஷாட்டையும் குறைந்தது இரண்டு நிமிடம் ஓடவிடுங்கள். பட்டனை அழுத்திய அதிர்வு அடங்கவே சில விநாடி ஆகும். அப்புறம் கை படக்கூடாது. இடிந்த தேவாலயச் சுவரை 15 விநாடி எடுத்தால் அது வெறும் போஸ்ட்கார்டு. பொறுத்திருந்தால் ஒரு நாய் குறுக்கே போகும். மேகம் மூடி, பவளக்கல்லின் துளைகளெல்லாம் நிழலிழந்து தட்டையாகும். வெயில் திரும்பியதும் ஒவ்வொன்றாய்த் தெளியும். எடிட்டிங்கில் உங்களுக்கு வேண்டியது இந்த மாற்றம்தான். ட்ரோன் வேண்டாம். அந்தக் கடலோரத்தில் அனுமதி வாங்குவதும் குதிரைக்கொம்பு.

மணலில் டிரைபாட் மெல்ல இறங்கும். எடுக்கும்போது தெரியாது, பெரிய திரையில் பார்த்தால் ஷாட் முடிவதற்குள் கடல்கோடு சாய்ந்திருக்கும். மூன்று காலுக்கும் கீழே உள்ளங்கை அகலத்துக்கு ப்ளைவுட் துண்டு வையுங்கள். நடுக்கம்பை ஏற்றாதீர்கள். பையைத் தொங்கவிட்டால் அதன் அடி தரையைத் தொட வேண்டும். இல்லையென்றால் காற்றில் ஆடி நடுக்கத்தைக் கூட்டும். நடுக்கம் குறைக்கும் ஸ்டெபிலைசேஷனையும் அணைத்துவிடுங்கள்.

விநாடிக்கு 25 பிரேம், 1/50 ஷட்டர். நல்ல வெயிலில் ஐஎஸ்ஓ 100, எஃப்/8 என்றால் என்டி8 (லென்ஸ் முன் மாட்டும், ஒளியைக் குறைக்கும் கண்ணாடி) போதும். ஐஎஸ்ஓ 800இல் லாக் (பிறகு நிறம் திருத்த வசதியாக, மங்கலாகப் பதியும் முறை) எடுத்தால் என்டி64. மலிவான வேரியபிள் என்டி வானத்தில் கறுப்புப் பட்டை விழவைக்கும். லென்ஸில் உப்புப் படலம் படிந்துகொண்டே இருக்கும். உலர்ந்த துணியால் தேய்த்தால் கீறல்தான். முதலில் ப்ளோயரால் மணலை ஊதிவிட்டு, பிறகு ஈரத் துணி.

கேமரா மைக்கை மறந்துவிடுங்கள். தனி ரெக்கார்டர், அதற்கு ரோம உறை, 80 ஹெர்ட்ஸ் லோ கட் (அதற்குக் கீழான உறுமலை வெட்டும் வசதி). காற்று மைக்கை நேராக அறைந்து ஒலி உடைந்துவிட்டால் பிறகு எந்த ஃபில்டராலும் மீட்க முடியாது. சுவருக்குள் காற்று படாத மூலையில் மூன்று நிமிடம், கரையில் மூன்று நிமிடம் தனித்தனியாகப் பதியுங்கள்.

ஊர்ப் பெரியவர்களின் நினைவுகளுக்கு வருவோம். 1964 டிசம்பர் 22 இரவுப் புயலும் அடித்துப்போன பாசஞ்சர் ரயிலும் எல்லா வீடியோவிலும் உண்டு ('பேய் நகரம்' என்ற தலைப்பையாவது விட்டுத்தொலையுங்கள்). அதற்கு முந்தைய சாதாரண நாட்களைக் கேளுங்கள்: போட் மெயில் ரயிலில் வந்தவர்கள் இலங்கையின் தலைமன்னாருக்குப் போகும் கப்பலுக்குக் காத்திருந்தபோது என்ன வாங்கித் தின்றார்கள், நல்ல தண்ணீர் எங்கிருந்து வந்தது. அன்று பத்து வயதிருந்தவருக்கு இன்று எழுபது தாண்டியிருக்கும். அவரை வெயிலில் இடிபாட்டுக்குள் நிறுத்தாதீர்கள். வீட்டில், ஃபேனை நிறுத்திவிட்டு, சம்மதம் கேட்டுக் குரலை மட்டும் பதியுங்கள். அவர் ஸ்டேஷன் என்று சொல்லும்போது ஸ்டேஷனைக் காட்ட வேண்டியதில்லை. பேச்சு முடிந்து அரை நிமிடம் கழித்து வந்தால் பார்ப்பவரே பொருத்திக்கொள்வார்.

மாலையில் வண்டிகளைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்திவெளிச்சத்தை நம்பித் திட்டம் போடாதீர்கள். வார நாள் காலையில், சங்குக் கடைகள் திறந்து கூட்டம் சேருவதற்குள் எடுத்துவிடுங்கள்.